இடது கை சர்க்காருக்கு

அன்றைக்கு ஹைகோர்ட்டில் அந்த ஹாலில் யார் யார் இருந்தார்கள் என்று முதலில் சொல்லிவிடுகிறேன். மேலே ஜட்ஜம்மா. அவருக்குக் கீழே டைப் அடிக்கிற ஒருவர். என் வக்கீல், சின்னப் பெண், சர்க்கார் செலவில் எனக்குக் கொடுத்தவர். சர்க்கார் வக்கீல். என்னைக் கட்டின வீட்டுக்காரனுடைய வக்கீல். வீட்டுக்காரன் வரவில்லை. ஸ்டேஷன் இன்ஸ்பெக்டர், தொப்பியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு. அவருக்குப் பின்னால் சுவரோடு சுவராக ஒரு ஏட்டு. கடைசி பெஞ்சில் நான்.

நான் எழுதப்போவது அந்த ஏட்டைப் பற்றி. பேர் தெரியும். போடவில்லை.

கே.ஜி.எஃப். பக்கத்து ஆள். தமிழ் பேசுவார், நடுவில் கன்னடம் வந்து உட்கார்ந்துகொள்ளும். ரிட்டயர் ஆகப்போகிற வயசு. தொப்பை கிடையாது. யாரைப் பார்த்தாலும் முதல் வார்த்தை ஒன்றுதான். "ஊட்ட ஆய்தா?" சாப்பிட்டாச்சா என்று அர்த்தம். பெங்களூரில் எல்லாரும் கேட்பதுதான். மற்றவர்கள் கேட்டுக்கொண்டே போய்விடுவார்கள். இவர் நின்று பதில் வாங்குவார். நான் எப்போதும் "ஆச்சு" என்பேன். பாதி நாள் ஆகியிருக்காது.

நான் எதற்கு ஸ்டேஷனுக்குப் போனேன் என்றால், வாரண்ட்டுக்காக. எனக்கும் மகளுக்கும் மாசம் எட்டாயிரம் கொடுக்க வேண்டும் என்று ஃபேமிலி கோர்ட்டில் ஆர்டர் ஆனது. ரெண்டு மாசம் கொடுத்தான், நிறுத்திவிட்டான். அவன் பீன்யாவில் மெஸ் நடத்துகிறான். மத்தியானம் ஃபேக்டரி ஆட்கள் இருநூறு பேர் சாப்பிடுகிற மெஸ். கோர்ட்டில் அவன், மெஸ் என் தம்பியுடையது, நான் அங்கே கூலிக்குச் சோறு போடுகிறேன் என்று எழுதிக் கொடுத்தான். ஜட்ஜ் நம்பவில்லை. பாக்கியைக் கட்டட்டும், கட்டாவிட்டால் பிடித்து வாருங்கள் என்று வாரண்ட் போட்டார். வாரண்ட் ஸ்டேஷனுக்குப் போகும். "ஆள் இல்லை" என்று எழுதித் திரும்பி வரும். கோர்ட்டில் அடுத்த தேதி கொடுப்பார்கள். மறுபடி வாரண்ட். மறுபடி ஆள் இல்லை.

மகள் ரம்யா அப்போது பி.யூ.சி. ரெண்டாவது வருஷம், பன்னிரண்டாவது மாதிரி. லேப் டெக்னீஷியன் படிப்புக்கு இடம் பார்த்து வைத்திருந்தாள். ஜூனில் பணம் கட்ட வேண்டும். நான் பொம்மசந்திராவில் மருந்து பாட்டிலுக்கு மூடி போடுகிற லைனில் நிற்கிறேன். எங்கள் சூப்பர்வைசர் நல்ல மனசோடுதான் சொன்னார். "பொண்ணுக்குப் பதினெட்டு ஆனதும் கூட்டிட்டு வாம்மா. உன் பக்கத்துலயே நிக்க வைக்கிறேன்." அவளுக்குப் பதினெட்டு ஆவதும் ஜூனில்தான். பணம் வந்தால் படிப்பு. வராவிட்டால் லைன். அவ்வளவுதான் விஷயம்.

ஸ்டேஷனில் எழுதுகிறவர் சொன்னார், "நீ ஆளைக் காட்டு, நாங்க பிடிக்கிறோம்." பொம்மசந்திராவிலிருந்து பீன்யாவுக்குப் போய் வந்தால் ஒரு நாள் சம்பளம் போச்சு. போனேன். "ஏட்டு வருவார், குந்து" என்றார்கள்.

நான் உட்கார்ந்த பெஞ்சின் மறு கோடியில் ஒரு பையனை உட்கார வைத்திருந்தார்கள். செயின் அறுத்தவன். கையை பெஞ்ச் காலோடு சேர்த்து விலங்கு போட்டிருந்தது. ஒரு மணிக்கு ஏட்டு வந்தார். டிபன் பாக்ஸைத் திறந்தார். திறந்த பிறகு பையனைப் பார்த்தார்.

"ஊட்ட ஆய்தா?"

பையன் டிபன் பாக்ஸையே பார்த்தான்.

ஏட்டு எழுந்துபோய் சாவி வாங்கி வந்தார். பையனுடைய வலது கையிலிருந்து விலங்கைக் கழற்றி இடது கையில் மாட்டினார். ரெண்டு சப்பாத்தியை மூடியில் வைத்து நகர்த்தினார்.

"வலது கை உனக்கு. இடது கை சர்க்காருக்கு. தின்னு."

இது அவர் அடிக்கடி சொல்கிற வார்த்தை என்று பிறகு தெரிந்துகொண்டேன். எழுதுகிறவர் உள்ளேயிருந்து கத்தினார். "அவனுக்கு ஊட்டி விடுங்க ஏட்டய்யா, தாலாட்டும் பாடுங்க." ஏட்டு காதில் வாங்கவில்லை. அன்றைக்கு நான் இவர் நல்ல மனுஷர், என் வேலை நடந்துவிடும் என்று நினைத்தேன்.

சாப்பிட்டு முடித்து என்னை ஸ்கூட்டரில் ஏற்றிக்கொண்டு போனார்.

மெஸ் என்றால் ஒரு ஷீட் போட்ட கொட்டகை. நாலு நீள மேஜை. பின்னால் கை கழுவுகிற குழாய். அதற்குப் பக்கத்தில் சிலிண்டர் இறக்குகிற கேட். வாசலில் கல்லாவில் அவன் தம்பி. எங்களைப் பார்த்ததும் உள்ளே திரும்பிக் கத்தினான்.

"அண்ணா, ஒரு தட்டு எக்ஸ்ட்ரா!"

நாங்கள் உள்ளே போகும்போது என் வீட்டுக்காரன் மேஜையில் உட்கார்ந்திருந்தான். எதிரில் தட்டு. வாயில் சோறு.

"வாங்க சார். வாங்க கலெக்டரம்மா. யாருப்பா அங்க, அம்மாவுக்கு ஒரு ஃபுல் மீல்ஸ் போடு, என் கணக்குல."

சாப்பிட்டுக்கொண்டிருந்த ஆட்கள் சிரித்தார்கள்.

"இவன்தான்" என்றேன்.

ஏட்டு வாரண்ட்டை எடுத்துக் காட்டினார். அவன் அதைப் பார்க்கவில்லை. சாம்பாரைப் பிசைந்தான். "சார், ரெண்டு வாய்தான். சாப்பிடற மனுஷனை எழுப்பிடுவீங்களா?"

"எச்சில் கையோட யாரையும் பிடிக்கமாட்டேன். முடிச்சிட்டு வா" என்றார் ஏட்டு.

சொல்லிவிட்டுத் திரும்பி நின்றுகொண்டார். சாப்பிடுகிறவனை உற்றுப் பார்க்கக்கூடாதாம். இது பீன்யாவில் எல்லாருக்கும் தெரியும், அந்த எக்ஸ்ட்ரா தட்டு அதற்குத்தான் என்று பிறகு தெரிந்தது. வாசல் பக்கம் பார்த்துக் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். அவன் ரசம் வாங்கினான், மோர் வாங்கினான். எழுந்து குழாய்க்குப் போனான். குழாய்ச் சத்தம் கேட்டது. கேட்டுக்கொண்டே இருந்தது. கை கழுவ அவ்வளவு நேரம் ஆகாது. நான் ஓடிப்போய்ப் பார்த்தேன். குழாய் திறந்திருந்தது. கேட்டும் திறந்திருந்தது.

ஏட்டு பின்னாலேயே வந்தார். குழாயை மூடினார்.

"தண்ணி வீணாப் போகுது" என்றார்.

எனக்கு அந்த ஆளை அடிக்கலாம் போல இருந்தது.

ரெண்டாவது தடவை நான் சொல்லிக்கொடுத்தேன். "நீங்க குழாய்கிட்ட நில்லுங்க. முன்னாடி ஒரு கான்ஸ்டபிளை நிக்க வைங்க." சரி என்றார். ஒரு சின்னக் கான்ஸ்டபிளும் வந்தான். "ஒரு தட்டு எக்ஸ்ட்ரா!" என்று தம்பி கத்தினான். தட்டு வந்தது. அவன் உட்கார்ந்தான். ஏட்டு போய்க் குழாய் பக்கத்தில் நின்றார். அவன் சாப்பிட்டான். மெஸ்ஸே காலியாகிவிட்டது, அவன் சாப்பிட்டான். மோர்ச் சோறு மட்டும் மூணு தடவை வாங்கினான். கான்ஸ்டபிளுக்கு போன் வந்தது. யாரோ மந்திரி வருகிறாராம், பந்தோபஸ்துக்கு வா என்றார்கள். போய்விட்டான். முன்வாசலில் நான் மட்டும் நின்றேன்.

அப்போது அவன் எழுந்தான். குழாய்க்குப் போகவில்லை. எச்சில் கையை மேலே தூக்கிக்கொண்டு முன்வாசலுக்கு நடந்தான். விரலிலிருந்து மோர் சொட்டியது.

"எச்சில் கை சார். பிடிக்கமாட்டீங்கல்ல?" என்று திரும்பிக் கேட்டான். கேட்டுக்கொண்டே நடந்தான். நான் குறுக்கே நின்றேன். அந்தக் கையை என் முகத்துக்கு நேரே கொண்டு வந்தான். விலகிவிட்டேன். வெளியே தம்பி பைக்கை ஸ்டார்ட் பண்ணி வைத்திருந்தான்.

ஏட்டு ஓடியிருக்கலாம். நாலு எட்டுதான். ஓடவில்லை. குழாய் பக்கத்திலேயே நின்றார். முகம் மட்டும் ஒரு மாதிரி ஆகிவிட்டது.

வெளியே வந்து ஸ்கூட்டர் பக்கத்தில் கேட்டேன். "ஏன் பிடிக்கலை?"

"பழைய சர்வீஸ்ல ஒருத்தனைப் பாதி இலையில எழுப்பினேன்."

"சரி."

"மூடி வை, வந்து சாப்பிடறேன்னு பொண்டாட்டிகிட்ட சொல்லிட்டு வந்தான்."

"வந்தானா?"

ஸ்கூட்டரை உதைத்தார். கிளம்பவில்லை. மறுபடி உதைத்தார். கிளம்பியது. கொஞ்ச தூரம் போன பிறகு, "ஊட்ட ஆய்தா மா?" என்றார்.

"ஆச்சு" என்றேன். காலையிலிருந்து ஒரு டீதான். அந்தப் பழைய கதையைக் கேட்டு என் கோபம் போகவில்லை. அந்தக் கதையை வைத்து ரம்யாவுக்குப் பணம் கட்ட முடியாது.

அந்த வாரண்ட்டும் "ஆள் இல்லை" என்று திரும்பி வந்தது. கீழே ஏட்டுடைய கையெழுத்து.

அதன் பிறகுதான் என் வக்கீல் ஹைகோர்ட்டுக்குப் போகலாம் என்றது. நான் பயந்தேன். கீழ்க்கோர்ட்டிலேயே இந்தப் பாடு, அங்கே எத்தனை வருஷமோ.

"இது வேற அக்கா" என்றது அந்தப் பெண். "அவங்க உங்களுக்குப் பணம் வாங்கித் தரமாட்டாங்க. கேஸையும் முதல்லேர்ந்து விசாரிக்கமாட்டாங்க. ஆர்டர் போட்டும் ஏன் நடக்கலைன்னு கீழ இருக்கறவங்களைக் கேட்பாங்க. அந்த அதிகாரம் அவங்களுக்கு உண்டு."

புரிந்தது. எங்கள் கம்பெனியிலும் அப்படித்தான். லைன் நின்றால் மேலேயிருந்து பெரியவர் இறங்கி வருவார். அவர் மூடி போடமாட்டார். ஏன் நின்றது என்று கேட்பார். கேட்டதும் ஓடும். ஆனால் திட்டு விழுவது பெரும்பாலும் மூடி போடுகிறவளுக்குத்தான். அது அப்போது எனக்கு நினைவுக்கு வரவில்லை.

ஜட்ஜம்மா கோப்பைப் படித்துவிட்டு இன்ஸ்பெக்டரை நேரில் வரச் சொன்னார். அந்த நாள்தான் நான் முதலில் சொன்ன நாள்.

சர்க்கார் வக்கீல் எழுந்து இங்கிலீஷில் பேசினார். பல தடவை போனார்கள், ஆள் கிடைக்கவில்லை என்று சொன்னதாக என் வக்கீல் காதில் சொன்னது. பிறகு அது எழுந்து, மனுதாரரே ரெண்டு தடவை கூடப் போய் ஆளைக் காட்டியிருக்கிறார் என்றது. வீட்டுக்காரனுடைய வக்கீல் குதித்தார். "பொய். இந்தப் பெண் அந்தப் பக்கமே வந்ததில்லை."

ஜட்ஜம்மா இன்ஸ்பெக்டரைப் பார்த்தார். கன்னடத்தில் கேட்டார்.

"போனது யார்?"

இன்ஸ்பெக்டர் திரும்பாமலே கட்டை விரலைப் பின்னால் காட்டினார். ஏட்டு முன்னால் வந்தார். சல்யூட் அடிப்பதா கும்பிடுவதா தெரியவில்லை அவருக்கு. அடித்தார்.

இந்த ஆள் பார்க்கவில்லை என்று சொன்னால் நான் பொய்க்காரி. கேஸ் போச்சு, ஜூன் போச்சு. பார்த்தேன் என்று சொன்னால் கையெழுத்துப் போட்டது பொய். வேலை போகலாம். எந்தப் போலீஸ்காரர் அப்படிச் சொல்வார்? இன்ஸ்பெக்டர் இருமினார். ஒரு தடவை, இன்னொரு தடவை.

"வாரண்ட்டில் இருப்பவரை நீங்கள் பார்த்தீர்களா?"

"பார்த்தேன் மேடம்."

"எங்கே?"

"மெஸ்ல."

"என்ன செய்துகொண்டிருந்தார்?"

"சாப்பிட்டுட்டு இருந்தார் மேடம்."

பின்னால் யாரோ சிரித்தார்கள். ஜட்ஜம்மா நிமிர்ந்து பார்த்ததும் நின்றது.

"ரெண்டாவது தடவை?"

"அப்பவும் சாப்பாடுதான் மேடம்."

"சாப்பிடுகிறவரைப் பிடிக்கக்கூடாது என்று எங்கேயாவது இருக்கிறதா?"

"இல்லை மேடம்."

"பிறகு?"

ஏட்டு வலது கையை ஒரு தடவை பேண்டில் துடைத்துக்கொண்டார்.

ஜட்ஜம்மா ஒரு தாளை எடுத்துக் காட்டினார். "இதில் ஆள் இல்லை என்று இருக்கிறது. கையெழுத்து உங்களுடையதா?"

"என்னோடதுதான்."

"யார் சொல்லி எழுதினீர்கள்?"

இன்ஸ்பெக்டர் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நான்தான் கையெழுத்துப் போட்டேன் மேடம்" என்றார் ஏட்டு.

அதற்கு மேல் ஜட்ஜம்மா கேட்கவில்லை. சொல்லச் சொல்ல டைப் அடித்தார்கள். என் வக்கீல் ஒவ்வொன்றாகச் சொன்னது. ஃபேமிலி கோர்ட் இனி வாய்தா கொடுக்காமல் சீக்கிரம் முடிக்க வேண்டும். அடுத்த தேதியில் ஆளைக் கொண்டுவந்து நிறுத்த வேண்டும். நிறுத்தாவிட்டால் இன்ஸ்பெக்டருக்கு மேலே இருப்பவர் வந்து பதில் சொல்ல வேண்டும். பொய் ரிப்போர்ட்டுக்கு ஏட்டு மேல் விசாரணை நடத்த வேண்டும்.

"ஜெயிச்சாச்சு அக்கா" என்றது.

வெளியே வராந்தாவில் இன்ஸ்பெக்டர் ஏட்டைப் பிடித்து வைத்து ஏசிக்கொண்டிருந்தார். "வாயில கொழுக்கட்டையை வெச்சிட்டு நிக்கத் தெரியாதாய்யா உனக்கு? நீ கெடுத்ததை நீயே சரி பண்ணு. அவன் வரலைன்னா நீ வீட்டுக்குப் போ, பென்ஷன் எப்படி வருதுன்னு நானும் பார்க்கறேன்."

ஒரு மணி ஆகியிருந்தது. ஏட்டு மரத்தடிக்குப் போய் டிபன் பாக்ஸைத் திறந்தார். நான் அந்த வழியாகத்தான் போக வேண்டும். போனேன்.

"ஏன் உண்மையைச் சொன்னீங்க?"

"கேட்டாங்க" என்றார். "ஊட்ட ஆய்தா?"

"ஆச்சு."

தேதிக்கு முந்தின நாள் அவரே போன் பண்ணிக் கூப்பிட்டார். வீட்டில் அவன் இருப்பதில்லை. ராத்திரி எங்கே படுக்கிறான் என்றும் தெரியாது. அவன் நிச்சயமாக இருக்கும் இடம் ஒன்றுதான், நேரம் ஒன்றுதான். மெஸ், மத்தியானம். இன்னும் ரெண்டு பேரைக் கூட்டி வாருங்கள் என்றேன். "யாரும் வரமாட்டாங்க மா. என்கூட நின்னா விசாரணை அவங்களுக்கும் ஒட்டிக்குமாம்" என்றார். காலையிலிருந்து அவரும் சாப்பிடவில்லை என்று நினைக்கிறேன். டிபன் பாக்ஸ் கொண்டு வரவில்லை.

"ஒரு தட்டு எக்ஸ்ட்ரா!"

அவன் உட்கார்ந்திருந்தான். புதுச் சட்டை. எங்களைப் பார்த்துச் சோற்றில் கையை வைத்தான். "வாங்க சார். ஹைகோர்ட்டுல எல்லாம் என் சாப்பாட்டைப் பத்தித்தான் பேச்சாமே. பேர் வாங்கிக் கொடுத்துட்டீங்க."

ஏட்டு இந்தத் தடவை திரும்பி நிற்கவில்லை. மேஜையைச் சுற்றிப் போனார். பெஞ்சில் அவனுக்கு இடது பக்கம் உட்கார்ந்தார். தொப்பியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார். அவனுடைய இடது கை தொடை மேல் இருந்தது. அதை எடுத்துத் தன் வலது கைக்குள் வைத்துக்கொண்டார்.

"என்ன சார் இது?"

"வலது கை உனக்கு. இடது கை சர்க்காருக்கு. தின்னு."

அவன் இழுத்துப் பார்த்தான். வரவில்லை. சுற்றிச் சாப்பிடுகிறவர்களைப் பார்த்தான். "பாருங்க சார், மனுஷனை நிம்மதியா சாப்பிட விடமாட்டேங்கறாரு!" யாரும் சிரிக்கவில்லை.

"உன்னை யார் எழுப்பினாங்க? தின்னு. எவ்வளவு வேணும்னாலும் தின்னு. நான் குந்திட்டிருக்கேன்."

தம்பி கல்லாவை விட்டு எழுந்து வெளியே போனான். பைக் சத்தம் கேட்டது. முன்னாலும் கேட்டது, சுற்றிக்கொண்டு பின்னாலும் கேட்டது. அவன் சாப்பிட்டான். பார்வை கேட்டுக்கும் வாசலுக்கும் போய்ப் போய் வந்தது. சோறு கேட்டான். போட்டார்கள். ரசம் கேட்டான். ஏட்டே இடது கையால் கரண்டியை எடுத்து ஊற்றினார். அவன் கழுத்தில் வேர்வை இறங்கியது. பக்கத்து மேஜைகள் காலியாயின. பரிமாறுகிற ஆட்கள் வாளியை வைத்துக்கொண்டு நின்றுவிட்டார்கள்.

"பார்த்தியாடி" என்றான் என்னைப் பார்த்து. "தாலி கட்டினவனை இப்படி உக்கார வெச்சு வேடிக்கை பார்க்கறே. உன் பொண்ணு நல்லா இருப்பாளா?"

அவன் எழுந்தால் என்ன செய்வது என்று மட்டும் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஏட்டு என்னைப் பார்த்தார். "ஊட்ட ஆய்தா மா?"

"ஆச்சு."

அவருக்குச் சாப்பிட வழியில்லை. அவருடைய வலது கை அவன் கையைப் பிடித்துக்கொண்டிருந்தது.

மூணாவது தடவை மோர் வாங்கியபோது அவனுக்கு விக்கல் எடுத்தது. தண்ணீர் குடித்தான். ஒரு வாய் வைத்தான், மென்றான், விழுங்கவில்லை. தட்டில் சோறு அப்படியே இருந்தது. கடைசியில் எச்சில் கையைத் தூக்கினான்.

"முடிஞ்சது சார். கை கழுவிட்டு வர்றேன். எச்சில் கையோட பிடிக்கமாட்டேன்னு நீங்களே சொல்லியிருக்கீங்க."

பின்னால் கேட்டுக்கு வெளியே பைக் உறுமிக்கொண்டிருந்தது.

"சொன்னேன்" என்றார் ஏட்டு. கையை விடவில்லை. "அம்மா, அந்த ஜக்கை எடு."

எடுத்தேன்.

"தட்டுலயே ஊத்து."

அவன் என்னைப் பார்த்தான். நான் ஜக்கைச் சாய்த்தேன். அவன் கையைத் தூக்கியபடியே வைத்திருந்தான். தண்ணீர் அவன் சட்டையில் விழுந்தது. பிறகு கை தானாக இறங்கித் தட்டுக்கு மேலே வந்தது. ஊற்றினேன். ஒவ்வொரு விரலாக அவனே தேய்த்துக் கழுவினான். கல்யாணமான புதிதில் இப்படி ஊற்றியிருக்கிறேன். ஜக்கு காலியாகும்வரை ஊற்றினேன்.

"சுத்தமாயிடுச்சா?" என்று கேட்டார் ஏட்டு. அவன் தலையாட்டினான். ஏட்டு மெதுவாக எழுந்தார். அவனும் எழுந்தான். முன்வாசல் வழியாக ஆட்டோவில் ஏற்றினோம். அவன் நடுவில், ஏட்டு ஒரு பக்கம், நான் ஒரு பக்கம்.

மறுநாள் ஃபேமிலி கோர்ட்டில் ஜட்ஜ் ரெண்டு நிமிஷம்தான் பேசினார். கட்டுகிறாயா, ஜெயிலுக்குப் போகிறாயா? அவனுடைய வக்கீல் பாதி கட்டுகிறோம், மீதிக்குத் தேதி கொடுங்கள் என்றார். ஜட்ஜ் மேலேயிருந்து வந்த ஆர்டரை எடுத்துக் காட்டினார். வக்கீல் உட்கார்ந்துவிட்டார். சாயங்காலத்துக்குள் தம்பி பையோடு வந்தான். மெஸ் அவன் பேரில் இருந்ததால் பணமும் அவனிடம்தான் இருந்தது போல. பாக்கி ஒரு லட்சத்து எழுபத்தாறாயிரம். முழுசாக வந்தது. ரம்யா படிப்பில் சேர்ந்தாள். இப்போது ஆஸ்பத்திரியில் வேலை பார்க்கிறாள். லைனில் என் பக்கத்து இடத்துக்கு வேறு யாரோ பெண் வந்தாள்.

ஏட்டின் விசாரணை நடந்தது. இன்ஸ்பெக்டருக்கு ஒன்றுமில்லை, வேறு ஸ்டேஷன் கொடுத்தார்கள். ஏட்டுக்கு இன்கிரிமெண்ட்டை வெட்டினார்கள் என்று வக்கீல் சொன்னது. அது பென்ஷனிலும் குறையும் என்றது. எவ்வளவு என்று அதற்குத் தெரியவில்லை.

போன வருஷம் எங்கள் கம்பெனிக்கு ரெண்டு கேட் தள்ளி ஒரு செக்யூரிட்டியைப் பார்த்தேன். நீலச் சட்டை. தொப்பை இல்லை. நான் நின்றேன். அவருக்கு என்னைத் தெரிந்ததா என்று தெரியவில்லை.

"ஊட்ட ஆய்தா?" என்றார்.

"இல்லை" என்றேன்.

அவர் என் முகத்தைப் பார்த்தார். கேட்டில் இருந்த இன்னொரு ஆளிடம் சாவியைக் கொடுத்தார். "பன்னி" என்றார். கன்னடத்தில் வாருங்கள் என்று அர்த்தம்.

முனையில் ஒரு சின்ன மெஸ். எதிரும் புதிருமாக உட்கார்ந்தோம். சோறு வந்தது. அவர் ரெண்டு கையையும் கழுவிவிட்டு வந்து உட்கார்ந்தார். நான் பிசையும்வரை தொடவில்லை. பிறகு தலையைக் குனிந்து சாப்பிட்டார்.

"பென்ஷன்ல எவ்வளவு குறைஞ்சுது?" என்று கேட்டேன்.

"சாப்பிடறப்ப கேட்காத மா."

கேட்கவில்லை. ரசம் வாங்கினோம். மோர் வாங்கினோம். குழாயில் கை கழுவி வந்ததும் அவர் சட்டைப்பையில் கையை விட்டார். நான் அதற்கு முன்னால் கல்லாவுக்குப் போய்விட்டேன்.

ரெண்டு சாப்பாடு. நூத்தி அறுபது.